கோட்டாட்சியர் மேசையில் இரண்டு தாள்கள்: ஒரு திறந்த மடல்

திருவள்ளூர், காஞ்சிபுரம், செங்கல்பட்டு, இராணிப்பேட்டை, வேலூர், திருவண்ணாமலை, விழுப்புரம் மாவட்டங்களின் வருவாய்க் கோட்டாட்சியர்களுக்கும் சார் ஆட்சியர்களுக்கும்,

வணக்கம்.

முப்பத்தொரு ஆண்டுகள் ஊராட்சி ஒன்றியப் பள்ளிகளில் ஆசிரியையாக இருந்து ஓய்வுபெற்றவள் நான். ஓய்வுக்குப் பின், கொத்தடிமைத் தொழிலாளர் முறை ஒழிப்புச் சட்டத்தின் 13-ஆம் பிரிவின்படி அமையும் கோட்ட அளவிலான கண்காணிப்புக் குழு ஒன்றில் சில ஆண்டுகள் உறுப்பினராகவும் இருந்தேன். மாவட்ட ஆட்சியருக்கோ முதலமைச்சருக்கோ எழுதாமல் உங்களுக்கு எழுதுவதற்குக் காரணம் இருக்கிறது. நம் மாநிலத்தில் ஓர் இருளர் குடும்பத்துக்குப் பழங்குடியினர் என்ற சாதிச் சான்றிதழை வழங்கும் அதிகாரம் கோட்டாட்சியருக்கும் சார் ஆட்சியருக்கும் உரியது. அதே குடும்பம் செங்கல் சூளையிலோ மரம் வெட்டும் இடத்திலோ கொத்தடிமையாகச் சிக்கி மீட்கப்படும்போது, அதற்கு விடுவிப்புச் சான்றிதழ் எழுதிக் கொடுப்பவரும் நீங்கள்தான். முதல் தாள் காலத்தில் கிடைத்திருந்தால் பல குடும்பங்களுக்கு இரண்டாவது தாளே தேவைப்பட்டிருக்காது. இரண்டாவது தாள் அன்றைக்கே கிடைக்காதபோது அவர்கள் திரும்பவும் விற்கப்படுகிறார்கள். நான் சொல்ல வந்தது இவ்வளவுதான். ஏன் இவ்வளவு உறுதியாகச் சொல்கிறேன் என்பதை விளக்கவே இம்மடல் நீள்கிறது.

நான் வேலை பார்த்த ஊர்களில் பொங்கல் முடிந்ததும் வருகைப் பதிவேட்டில் ஒரு வரிசை முழுக்கச் சிவப்பு மை ஏறிவிடும். ஏரிக்கரையில் குடிசை போட்டிருந்த இருளர் வீட்டுப் பிள்ளைகள் பெற்றோரோடு சூளைக்குப் போய்விடுவார்கள். ஆடியில் கணக்கு முடிந்து சிலர் திரும்புவார்கள், அவர்களுக்கு மீண்டும் 'அ'விலிருந்து தொடங்க வேண்டியிருக்கும். சிலர் திரும்பவே மாட்டார்கள். அப்படித் திரும்பாதவர்களில் மூன்றாம் வகுப்பில் படித்த ஒரு சிறுமியும் உண்டு. வாய்ப்பாட்டைப் பாட்டாக ராகம் போட்டுச் சொல்லுவாள். அவளைத் தேடிப் போனபோது, பாட்டியின் மருத்துவத்துக்கும் பிறகு அடக்கச் செலவுக்குமாக அவள் தகப்பனார் சூளைக்கு ஆள்பிடிக்கும் ஒரு மேஸ்திரியிடம் 15,000 ரூபாய் முன்பணம் வாங்கியிருந்தார் என்று பக்கத்துக் குடிசைக்காரர்கள் சொன்னார்கள். எந்தச் சூளை என்பது அவர்களுக்குத் தெரியவில்லை. மேஸ்திரியின் பெயர் மட்டும்தான் தெரிந்தது.

முன்பணம் என்ற சொல் உங்கள் கோப்புகளில் சாதாரணமான கொடுக்கல் வாங்கலாகவே பதிவாகிறது. அது எப்படி வேலை செய்கிறது என்பதை நான் பார்த்த அளவில் சொல்கிறேன். வடகிழக்குப் பருவமழை பெய்யும் ஐப்பசி, கார்த்திகையில் வயல் வேலையும் கூலி வேலையும் நின்றுபோய், வீட்டில் அரிசி தீர்ந்திருக்கும் நேரம் பார்த்து மேஸ்திரி வருகிறார். காய்ச்சல், பிரசவம், காதுகுத்து, சாவு என்று ஏதோ ஒன்று அந்த வீட்டில் நடந்திருக்கும். வங்கி அவர்களுக்குக் கடன் கொடுக்காது. அடகு வைக்க நகை கிடையாது, பட்டா கிடையாது. அவர்களிடம் அடகு வைக்க இருப்பது வரப்போகும் ஆறு மாதத்து உழைப்பு மட்டுமே. மேஸ்திரி கொடுக்கும் பணத்துக்கு வட்டி எவ்வளவு, ஆயிரம் கல்லுக்குக் கூலி எவ்வளவு என்ற பேச்சே அப்போது எழுவதில்லை. தை பிறந்து சூளைக்குப் போன பிறகு, ஆயிரம் கல்லுக்கு இவ்வளவு என்று முதலாளி சொல்வதுதான் விலை. அதையும் கையில் கொடுப்பதில்லை. வாரம் ஒருமுறை அரிசிக்கும் எண்ணெய்க்கும் செலவுப் பணம் என்று சில நூறு ரூபாய் கொடுத்துவிட்டு மிச்சத்தைக் கணக்கில் வைத்துக்கொள்கிறார்கள். அந்தக் கணக்கு நோட்டு முதலாளியிடம் இருக்கிறது. எழுதுபவரும் கூட்டுபவரும் அவரே. மழை வந்து பச்சைக் கல் கரைந்தால் அந்த நட்டமும் அறுத்தவர் தலையில் விழுகிறது. நடு இரவில் எழுந்து மண் குழைத்து, விடிவதற்குள் அறுக்கத் தொடங்கி, வெயில் ஏறியபின் கல் திருப்பிப் போட்டு, ஆறு மாதம் உழைத்த குடும்பத்துக்கு ஆடியில் சொல்லப்படும் விடை, "இன்னும் கடன் நிக்குது" என்பதுதான்.

சூளையில் எண்ணப்படுவது கல்தானே தவிர ஆள் இல்லை என்பதைத் தனியாகக் கவனிக்கும்படி வேண்டுகிறேன். கூலி கல்லின் எண்ணிக்கைக்கு என்பதால் கணவன், மனைவி, எட்டு வயதுப் பிள்ளை எல்லோரும் சேர்ந்து உழைத்தால்தான் ஒருவருக்குரிய கூலியாவது தேறும். நோட்டில் இருப்பது கணவனின் பெயர் மட்டும். அதனால்தான் மீட்பு நடக்கும்போது அலுவலர்கள் குடும்பத்துக்கு ஒரு சான்றிதழ் என்று எழுதிவிடுகிறார்கள். மண் மிதித்த பெண்ணுக்கும் கல் திருப்பிய பிள்ளைக்கும் எந்தத் தாளும் கிடைப்பதில்லை. 2016-ஆம் ஆண்டின் மத்திய அரசு மறுவாழ்வுத் திட்டம் ஆணுக்கு ஒரு லட்சம், பெண்களுக்கும் குழந்தைகளுக்கும் இரண்டு லட்சம், கடத்தல், பாலியல் சுரண்டல் போன்ற கொடிய நிலைகளில் மீட்கப்பட்டவர்களுக்கு மூன்று லட்சம் என்று ஆள் வாரியாகத் தொகை வகுத்திருக்கிறது. சான்றிதழில் பெயர் இல்லாதவருக்கு அந்தத் திட்டத்தில் இடமில்லை.

இதை நான் ஆள்கடத்தல் என்றே அழைக்கிறேன். குழுக் கூட்டங்களில் இந்தச் சொல்லைச் சொன்னபோதெல்லாம், அது விபச்சாரத்துக்கும் வெளிநாட்டுக்கும் பெண்களை அனுப்புவதற்கான சொல், இங்கே பொருந்தாது என்று என்னைத் திருத்தினார்கள். சட்டம் அப்படிச் சொல்லவில்லை. அரசமைப்புச் சட்டத்தின் 23-ஆம் உறுப்பு மனிதர்களை வாணிகம் செய்வதையும் கட்டாய உழைப்பையும் ஒரே வாக்கியத்தில் சேர்த்துத்தான் தடை செய்திருக்கிறது. 2013-இல் இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 370-ஆம் பிரிவாக வடிவெடுத்து, 2024 ஜூலை முதல் பாரதிய நியாய சன்ஹிதாவின் 143-ஆம் பிரிவாக நடைமுறையில் இருக்கும் விதி, சுரண்டும் நோக்கத்தோடு ஒருவரை மிரட்டியோ ஏமாற்றியோ அதிகாரத்தைத் தவறாகப் பயன்படுத்தியோ ஆசை காட்டியோ ஆள்சேர்ப்பதையும், கொண்டுசெல்வதையும், வைத்திருப்பதையும், கைமாற்றுவதையும், பெற்றுக்கொள்வதையும் குற்றம் என்கிறது. பாதிக்கப்பட்டவரின் சம்மதம் ஒரு பொருட்டே இல்லை என்றும் சொல்கிறது. மேஸ்திரி செய்வது ஆள்சேர்ப்பு, லாரியில் ஏற்றிச் செல்வது கொண்டுசெல்லல், சூளை முதலாளி செய்வது பெற்றுக்கொள்ளல். ஒருவருக்கு மேற்பட்டோரைக் கடத்தினால் பத்து ஆண்டுக்குக் குறையாத சிறை. 1976-ஆம் ஆண்டுக் கொத்தடிமை முறை ஒழிப்புச் சட்டமோ அதிகபட்சம் மூன்று ஆண்டுச் சிறையும் 2,000 ரூபாய் அபராதமும்தான் சொல்கிறது. முதல் தகவல் அறிக்கையில் எந்தச் சட்டம் எழுதப்படுகிறது என்பதில் எவ்வளவு அடங்கியிருக்கிறது என்பது என்னைவிட உங்களுக்கு நன்றாகத் தெரியும்.

நாடு முழுவதற்குமான கணக்கைப் பார்த்தால் மலைப்பாக இருக்கிறது. 2030-க்குள் ஒரு கோடியே 84 லட்சம் கொத்தடிமைத் தொழிலாளர்களை விடுவித்து மறுவாழ்வு அளிப்பதாக மத்தியத் தொழிலாளர் அமைச்சகம் 2016-இல் இலக்கு வைத்தது. 1978-இலிருந்து இன்றுவரை மீட்கப்பட்டவர்கள் என்று அரசே சொல்லும் எண்ணிக்கை சுமார் 3 லட்சம். 2022-இல் நாடெங்கும் பதிவான ஆள்கடத்தல் வழக்குகள் 2,250. நம் மாநிலத்தில், உச்ச நீதிமன்றம் அமர்த்திய ஆய்வுக் குழு 1995-இல் பத்து லட்சத்துக்கும் மேற்பட்ட கொத்தடிமைகள் இருப்பதாக மதிப்பிட்டது. அடுத்து அரசு நடத்திய கணக்கெடுப்பில் கிடைத்தவர்களோ ஏறக்குறைய 25 ஆயிரம் பேர்தான். இந்த இடைவெளியில் இருக்கிற மக்கள் எங்கேயும் காணாமல் போய்விடவில்லை. அவர்களைக் கொத்தடிமை என்று எழுத யாரோ ஓர் அலுவலரின் பேனா தயங்கியிருக்கிறது.

அந்தத் தயக்கத்தை நான் நேரில் பார்த்திருக்கிறேன். விசாரணைக்கு வரும் அலுவலர் கேட்கும் கேள்விகள் பெரும்பாலும் ஒன்றுபோலவே இருக்கும்: கதவு பூட்டியிருந்ததா, அடித்தார்களா, சந்தைக்குப் போய்வந்தாயா, கையில் செல்போன் இருக்கிறதே? சந்தைக்குப் போனவள் பிள்ளையைச் சூளையில் விட்டுவிட்டுத்தான் போனாள் என்பதை யாரும் கேட்பதில்லை. வேலைவாய்ப்பைத் தேர்ந்தெடுக்கும் சுதந்திரம், இந்தியா முழுவதும் தடையின்றிச் செல்லும் உரிமை, உழைப்பைச் சந்தை விலைக்கு விற்கும் உரிமை, இவற்றில் ஏதாவது ஒன்றை முன்பணத்துக்காக இழந்திருந்தாலே அது கொத்தடிமை முறைதான் என்று சட்டத்தின் வரையறை சொல்கிறது. எல்லாவற்றையும் இழந்திருக்க வேண்டும் என்று அது கேட்கவில்லை. ஆசிய விளையாட்டுப் போட்டிக்கான கட்டுமானத் தொழிலாளர்கள் வழக்கில் 1982-இல் உச்ச நீதிமன்றம், குறைந்தபட்சக் கூலிக்கும் கீழே ஒருவர் உழைக்கிறார் என்றால் பசியும் வறுமையும் அவரைக் கட்டாயப்படுத்தியிருக்கின்றன, அதுவும் 23-ஆம் உறுப்பு தடை செய்யும் கட்டாய உழைப்பே என்று தீர்ப்பளித்தது. மறு ஆண்டு டிசம்பரில், ஃபரீதாபாத் கல்குவாரித் தொழிலாளர்களுக்காக பந்துவா முக்தி மோர்ச்சா தொடுத்த வழக்கில், கட்டாய உழைப்பு இருக்கும் இடத்தில் முன்பணம் இருப்பதாகவே கொள்ள வேண்டும் என்றது. கடன் கொத்தடிமைக் கடன் இல்லை என்று மெய்ப்பிக்கும் பொறுப்பைச் சட்டத்தின் 15-ஆம் பிரிவு கடன் கொடுத்தவர்மேல் வைத்திருக்கிறது. இவ்வளவும் இருந்தும், தாலுகா அலுவலகத் திண்ணையில் ஈரத் துணியோடு உட்கார்ந்திருக்கும் பெண்ணிடம்தான் நாம் சாட்சி கேட்கிறோம்.

அந்தச் சிறுமியின் குடும்பத்தை இரண்டாண்டு கழித்து மீண்டும் பார்த்தேன். எங்கள் குழுவுக்கு வந்த ஒரு தகவலின்பேரில் நடந்த மீட்பில் அவர்களும் இருந்தார்கள். காலையில் அழைத்துவரப்பட்டவர்களை மாலைவரை அலுவலக வராந்தாவில் உட்கார வைத்திருந்தார்கள். நடுவில் முதலாளி தரப்பினர் வந்தார்கள்; அவர்களுக்கு நாற்காலி போடப்பட்டது. பத்தடி தூரத்தில் கடன் கொடுத்தவரும், எதிரே தரையில் கடன்பட்டவரும் இருக்க, வாக்குமூலம் எழுதப்பட்டது. விருப்பத்தோடுதான் வேலை செய்தோம் என்று அந்தத் தகப்பனார் சொன்னார். இருட்டிய பிறகு, கூலி நிலுவை தொடர்பான தகராறு என்று குறிப்பெழுதி, பேசித் தீர்த்துக்கொள்ளுமாறு சொல்லி அனுப்பிவைத்தார்கள். அன்று நான் இன்னும் உரக்கப் பேசியிருக்க வேண்டும். குழு உறுப்பினர் என்ற முறையில் என் மாற்றுக் கருத்தை எழுத்தில் பதிவு செய்யும்படி கேட்டிருக்க வேண்டும். இரண்டு மாதம் கழித்து அந்தத் தாயை ஒரு சந்தையில் பார்த்துக் கேட்டேன். "கடன் அப்படியே நிக்குது டீச்சர், வேற சூளைக்காரருகிட்ட எங்கள மாத்தி உட்டுட்டாங்க," என்றார். பழைய முதலாளிக்குப் புதியவர் கடன் தொகையைக் கொடுத்து, ஐந்து பேர் கொண்ட குடும்பத்தை வாங்கிக்கொண்டிருந்தார். 'மாத்தி உட்டது' என்று அந்த அம்மாள் மென்மையாகச் சொன்னதற்கு வேறு பெயர் எனக்குத் தெரியவில்லை. அது விற்பனைதான்.

பேசித் தீர்த்துக்கொள்ளச் சொல்வதில் இன்னொரு சிக்கலும் இருக்கிறது. கொத்தடிமைக் கடன் சட்டத்தால் அழிக்கப்பட்டுவிட்டது. அழிந்த கடனுக்கு ஈடாக எந்தத் தொகையையும் வாங்கக் கூடாது என்றும், வாங்கினால் மூன்று ஆண்டுவரை சிறை என்றும் 9-ஆம் பிரிவு சொல்கிறது. ஆகவே, வாங்கிய பணத்தைக் கட்டிவிட்டுப் போகட்டும் என்று அரசு அலுவலகத்தில் வைத்துச் சமரசம் பேசுவது ஒரு குற்றத்துக்கு அரசே இடமும் நாற்காலியும் கொடுப்பதாகும். நல்ல எண்ணத்தோடு, அந்தக் குடும்பத்துக்கு உடனே நிம்மதி கிடைக்கட்டும் என்று நினைத்தே பல அலுவலர்கள் இப்படிச் செய்கிறார்கள் என்பதையும் நான் அறிவேன். ஆனால் நிம்மதி கிடைப்பது கடன் கொடுத்தவருக்குத்தான்.

2019 ஜூலையில் காஞ்சிபுரம், வேலூர் மாவட்டங்களில் மரம் வெட்டும் இடங்களிலிருந்து 42 பேர் மீட்கப்பட்டார்கள். அன்று ஒரு முதியவர் அதிகாரியின் காலில் விழுந்து கும்பிட்ட படம் நாடு முழுக்கப் பரவியது. சில ஆயிரம் ரூபாய்க் கடனுக்காகப் பல ஆண்டுகள் வேலிக்காத்தானும் சவுக்கும் வெட்டிக்கொண்டிருந்தவர்கள் அவர்கள். அந்தப் படத்தைப் பார்த்து நாமெல்லாம் கண் கலங்கினோம். ஆறு ஆண்டு கழித்து, 2025 மே மாதத்தில், ஆந்திரத்து யானாதி பழங்குடிச் சிறுவன் ஒருவனின் உடல் காஞ்சிபுரத்தில் பாலாற்றங்கரையில் தோண்டி எடுக்கப்பட்டது. கணவனை இழந்த அவன் தாய், வாத்து மேய்க்கும் முதலாளியிடம் பட்ட கடனைத் திரட்டிக்கொண்டு வரும்வரை மகனை ஈடாக விட்டுவிட்டுப் போயிருந்தார். பிள்ளை இறந்ததையே அவரிடம் சொல்லாமல் புதைத்திருந்தார்கள். வாத்துக் கூட்டம் மாவட்டம் விட்டு மாவட்டம், மாநிலம் விட்டு மாநிலம் போய்க்கொண்டே இருக்கும். அதோடு போகும் பிள்ளையைக் கண்காணிக்க எந்தப் பதிவேடும் கிடையாது. உங்கள் கோட்டத்து வயல்களில் அறுவடைக்குப் பின் வாத்து மேய்க்கும் சிறுவர்களைப் பார்க்கும்போது, அவர்கள் யாருடைய பிள்ளைகள் என்று கிராம நிர்வாக அலுவலர்கள் வழியாக ஒருமுறையாவது கேட்டறிய வேண்டும்.

இனி முதல் தாளுக்கு வருகிறேன். இந்த மக்கள் ஏன் மேஸ்திரியிடம் போகிறார்கள் என்று கேட்டால், வறுமை என்றும் குடி என்றும் கல்வியின்மை என்றும் சொல்லி முடித்துவிடுகிறோம். வறுமை நம் ஊரில் பலருக்கும் உண்டு. ஆனால் சூளைகளிலும் அரிசி ஆலைக் களங்களிலும் மரம் வெட்டும் இடங்களிலும் திரும்பத் திரும்ப மீட்கப்படுகிறவர்களில் இருளர்களும் பட்டியல் சாதியினரும் இவ்வளவு பேர் ஏன் இருக்கிறார்கள்? காடும் காட்டோரமும் இருளர்களுக்குத் தேனும் கிழங்கும் மூலிகையும் கொடுத்தன. பாம்பும் உடும்பும் பிடித்து வாழ்ந்தார்கள். 1972-ஆம் ஆண்டு வன உயிரினப் பாதுகாப்புச் சட்டமும் அதைத் தொடர்ந்து வந்த பாம்புத்தோல் வணிகத் தடையும் அந்த வாழ்க்கையை மூடின. காட்டு உயிர்களைக் காக்கச் சட்டம் வேண்டும்தான். ஆனால் அந்த உயிர்களை நம்பியிருந்த மனிதர்களுக்கு மாற்று வழி செய்யப்படவில்லை. 1978-இல் தொடங்கிய இருளர் பாம்புபிடிப்போர் கூட்டுறவுச் சங்கம் சில நூறு பேருக்கு நல்ல பிழைப்பைத் தந்தது, நஞ்சு முறி மருந்துக்கு நாடே அதை நம்பியிருக்கிறது. மற்றவர்கள் ஏரிக்கரை, கால்வாய்க்கரை, புறம்போக்கு என்று நகர்ந்து நகர்ந்து கடைசியில் முதலாளியின் வளாகத்துக்குள்ளேயே குடியேறினார்கள். இருக்க இடமில்லாதவர்களுக்கு, தங்க இடம் தருகிறேன் என்று சொல்பவர் கூலி பேச வேண்டியதே இல்லை.

பட்டா கேட்டுப் போனால் சாதிச் சான்று கேட்கிறார்கள். தொகுப்பு வீட்டுக்கும் அதுவே வேண்டும், பிள்ளையின் உதவித்தொகைக்கும் உண்டு உறைவிடப் பள்ளிக்கும் தாட்கோ கடனுக்கும் அதுவே வேண்டும். சான்று கேட்டுப் போனாலோ, தகப்பனாரின் சான்று எங்கே, பாட்டனாரின் பத்திரம் எங்கே, இந்த ஊரில் எத்தனை ஆண்டாக இருக்கிறாய் என்று கேட்கிறார்கள். தமிழ்நாட்டில் அரசு அடையாளம் கண்ட ஆறு தொன்மையான பழங்குடிகளுள் ஒன்று இருளர். ஏழு தலைமுறையாக எந்தத் தாளிலும் எழுதப்படாததுதான் அவர்களுடைய பழமைக்குச் சாட்சி. இல்லாத தாளைக் கொண்டுவந்தால்தான் தாள் தருவோம் என்று சொல்லும்போது அந்த விண்ணப்பம் ஆண்டுக்கணக்கில் கிடக்கிறது. அந்த ஆண்டுகளில் வீட்டில் ஒருவருக்கு உடல்நலம் கெடுகிறது, மழை பெய்கிறது, மேஸ்திரி வருகிறார். நான் சொன்ன அந்தச் சிறுமியின் குடும்பமும் அவள் பள்ளியில் சேர்ந்த ஆண்டிலேயே சான்றுக்கு விண்ணப்பித்திருந்தது. தலைமையாசிரியை என்ற முறையில் நான்தான் கடிதம் எழுதிக் கொடுத்தேன். உரிய ஆதாரம் இல்லை என்று அது திரும்பி வந்தது.

போலிச் சான்றிதழ் பெற்றுப் பழங்குடியினரின் இடங்களைப் பறித்தவர்கள் இருப்பதால் எச்சரிக்கையாக இருக்கிறோம் என்று நீங்கள் சொல்லக்கூடும். அந்தக் கவலை நியாயமானது. ஆனால் ஏரிக்கரையில் எலிவளை தோண்டிப் பிழைக்கும் குடும்பம் மருத்துவக் கல்லூரி இடத்துக்காகப் பொய் சொல்ல வரவில்லை. 2022 அக்டோபரில், தம் பிள்ளைக்கு மலைக்குறவர் என்ற பழங்குடிச் சான்று கிடைக்காத ஒருவர் சென்னை உயர் நீதிமன்ற வளாகத்தில் தீக்குளித்து இறந்ததை நீங்கள் மறந்திருக்க மாட்டீர்கள். அதற்கு முந்தைய ஆண்டு தீபாவளி அன்று, மாமல்லபுரத்தை அடுத்த பூஞ்சேரியில் நரிக்குறவர், இருளர் குடும்பங்களுக்குப் பட்டாக்களும் சான்றிதழ்களும் முதலமைச்சர் கையால் வழங்கப்பட்டதையும் நினைவுபடுத்துகிறேன். அத்தனை ஆண்டு கிடைக்காத தாள்கள் அப்போது சில நாட்களில் தயாராயின. அன்று நேரடி விசாரணை போதுமானதாக இருந்தது என்றால், முதலமைச்சர் வராத ஊர்களுக்கும் அதே விசாரணை போதும்.

நம் மாவட்டங்கள் ஆட்களை அனுப்பும் இடமாக மட்டும் இல்லை. வரவழைக்கும் இடமாகவும் இருக்கின்றன. ஒடிசாவின் பலாங்கீர், நுவாபடா, களாஹண்டி பகுதிகளில் நுவாகாய் என்ற அறுவடைப் பண்டிகை முடிந்ததும் சர்தார்கள் எனப்படும் ஆள்பிடிப்பவர்கள் முன்பணத்தோடு ஊருக்குள் வருகிறார்கள். காண்டாபாஞ்சி ரயில் நிலையத்திலிருந்து குடும்பம் குடும்பமாகப் புறப்படுகிறவர்களில் பலர் திருவள்ளூர்ச் சூளைகளில் வந்து இறங்குகிறார்கள். முன்பணத்துக்குக் கட்டுப்பட்டு ஊர் விட்டுப் போகும் இந்த உழைப்புக்கு அங்கே 'தாதன்' என்று பெயர். அதைக் கட்டுப்படுத்த ஒடிசா 1975-இலேயே சட்டம் இயற்றியது. 1979-இல் மாநிலங்களுக்கிடையே புலம்பெயரும் தொழிலாளர்களுக்கான மத்தியச் சட்டமும் வந்தது. சட்டங்கள் வந்த பிறகும், 2013 டிசம்பரில், சொன்ன இடத்தை விட்டு வேறு மாநிலத்துக்குக் கொண்டுபோகப் பார்த்ததால் வர மறுத்த களாஹண்டித் தொழிலாளர் இருவரின் வலது கையை ஆள்பிடிப்பவர்கள் வெட்டினார்கள். அப்படிப்பட்ட இடத்திலிருந்து வந்த ஒருவர், மொழி தெரியாத தாலுகா அலுவலகத்தில், முதலாளியின் ஆளே மொழிபெயர்க்க, தம்மைக் கட்டாயப்படுத்தியதாகச் சொல்வார் என்று நாம் எதிர்பார்க்கிறோம். விடுவிப்புச் சான்று இல்லாமல் ரயிலேற்றி விடப்பட்டவருக்கு அங்கே போனால் எதுவும் கிடைக்காது. மேற்கு ஒடிசாவின் வறண்ட வயலுக்கும் பழைய கடனுக்கும் திரும்பி, அடுத்த நுவாகாய் முடிந்ததும் மறுபடி ரயிலேறுவார்.

என் வேண்டுகோள்களை நேராகச் சொல்லிவிடுகிறேன். மீட்கப்பட்டவர்களை முதலாளியின் கண்ணில் படாத இடத்தில், அவர்களுடைய மொழி தெரிந்த, அவரோடு தொடர்பில்லாத ஒருவரை வைத்து விசாரியுங்கள். பெண்களைத் தனியாகக் கேளுங்கள். விடுவிப்புச் சான்றிதழை அன்றைக்கே, ஒவ்வொருவர் பெயரிலும், குழந்தைகள் பெயரிலும் சேர்த்து எழுதுங்கள். 30,000 ரூபாய் வரையிலான உடனடி உதவிக்கு வழக்கின் முடிவுவரை காத்திருக்கத் தேவையில்லை; மாவட்டத்தில் அதற்கென்றே நிதி வைக்கத் திட்டம் சொல்கிறது. முழு மறுவாழ்வுத் தொகை குற்றத் தீர்ப்போடு பிணைக்கப்பட்டிருப்பதால், முதல் நாள் நீங்கள் அனுப்பும் அறிக்கையில் 1976-ஆம் ஆண்டுச் சட்டத்தோடு 143-ஆம் பிரிவையும், பாதிக்கப்பட்டவர்கள் பட்டியல் சாதியினராகவோ பழங்குடியினராகவோ இருந்தால் வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் 3(1)(எச்) பிரிவையும் குறிப்பிட்டுக் காவல்துறையிடம் கொடுங்கள். விடுவித்துவிட்டு மறுவாழ்வு தராமல் விடுவது அவர்களைப் பழைய அடிமைத்தனத்துக்கே திருப்பி அனுப்புவதாகும் என்று 1984-இல் நீரஜா சௌத்ரி வழக்கில் உச்ச நீதிமன்றம் கண்டித்தது. ஒவ்வோர் ஆண்டும் பிப்ரவரி 9 அன்று உங்கள் அலுவலகங்களில் எடுக்கப்படும் கொத்தடிமை ஒழிப்பு உறுதிமொழியைவிட, கண்காணிப்புக் குழுவை மூன்று மாதத்துக்கு ஒருமுறை உண்மையாகவே கூட்டி, சூளைகளின் கணக்கு நோட்டுகளை வரவழைத்துப் பார்ப்பது அதிகப் பயன் தரும்.

மாசி மகத்தன்று மாமல்லபுரம் கடற்கரையில் இருளர்கள் கூடுவதை நீங்கள் பாதுகாப்புப் பணிக்காகவாவது பார்த்திருப்பீர்கள். கன்னியம்மனைக் கும்பிட்டு, மணலில் பந்தல் போட்டு, பெண் பார்த்து, கல்யாணமும் முடித்துக்கொண்டு போவார்கள். வாழ்க்கையில் எதை விட்டாலும் அதை விடமாட்டார்கள். நான் போன ஆண்டுகளில் அங்கே வந்திருந்தவர்களிடம், யார் யார் வரவில்லை என்று கேட்டு எழுதிக்கொண்டேன். அக்கா வரவில்லை, முதலாளி விடவில்லை. தம்பி குடும்பம் வரவில்லை, கல்லு நிக்குதாம். ஒரு மாலையில் என் நோட்டில் பதினேழு குடும்பங்கள் சேர்ந்தன. கொத்தடிமைகள் எங்கள் கோட்டத்தில் இல்லை என்று அறிக்கை அனுப்புமுன், உங்கள் அலுவலர் ஒருவரை அந்தக் கடற்கரைக்கு ஒரு நோட்டோடு அனுப்பிப் பாருங்கள்.

கொத்தடிமை முறை ஒழிந்தது என்று அறிவித்த 1976-ஆம் ஆண்டுச் சட்டம் முன்தேதியிட்டு 1975 அக்டோபர் 25 முதல் நடைமுறையில் இருக்கிறது. இந்த மடலை எழுதும்போது வெளியே ஐப்பசி மழை அடித்துக்கொண்டிருக்கிறது. மேஸ்திரிகள் புறப்பட்டுவிட்டார்கள், சென்ற வாரம் எங்கள் ஊர் ஏரிக்கரையில் இருவர் வந்து பேசிவிட்டுப் போனதாகச் சொன்னார்கள். அந்த ஏரிக்கரையில் உள்ள பதினொரு குடும்பங்களின் சாதிச் சான்று விண்ணப்பங்கள் கோட்டாட்சியர் அலுவலகத்தில் நிலுவையில் இருக்கின்றன. தை பிறக்க இன்னும் இரண்டரை மாதம் இருக்கிறது. உங்களில் அந்த ஏரிக்கரை எவருடைய கோட்டத்தில் இருக்கிறதோ அவருக்கு விண்ணப்ப எண்களைத் தனியே பதிவுத் தபாலில் அனுப்பியிருக்கிறேன். ஒரு பகல் செலவிட்டு நேரில் வந்து விசாரித்தால் போதும். கிராமத்துப் பெரியவர்கள் சாட்சி சொல்லக் காத்திருக்கிறார்கள். நானும் வருகிறேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற தலைமையாசிரியை,
கோட்ட அளவிலான கண்காணிப்புக் குழுவின் முன்னாள் உறுப்பினர்.